40 வயதுக்கு மேல் ஆடாமல் பயிற்சியாளராக ஒதுங்கிவிடலாமா?

உங்களை யாரோ மெதுவாக வெளியே நகர்த்துகிறார்கள் என்று நினைக்கிறேன். இந்தக் கேள்வி யாருக்கும் தானாக வராது. ஒதுங்காதீர்கள்.

எனக்கும் அதுதான் நடந்தது. வேல்ஸின் கார்டிஃபில் நம்மூர்ப் பையன்கள் சேர்ந்து ஆடும் வாலிபால் அணி எங்களுடையது. ஒரு போட்டிக்கு முன்னால் “அண்ணே, இனி நீங்கதான் கோச்” என்றார்கள். கேட்க மரியாதையாகத்தான் இருந்தது, ஆனால் ஆடுகிற ஆறு பேரில் என் பெயர் இல்லை. கோச்சாகவும் இருக்கிறேன், அடிப்பவர்களுக்குப் பந்தைத் தூக்கிக் கொடுக்கிற செட்டராகவும் ஆடுகிறேன் என்றேன். சிரித்தார்கள். கார்டிஃப் விரிகுடாப் பகுதியில் சிலையாக நிற்கிற ரக்பி ஆட்டக்காரர் கஸ் ரிஸ்மன் என்ன செய்தார் தெரியுமா என்று கேட்டேன். செல்ஃபி எடுத்திருக்கிறார்கள், ஆள் யாரென்று ஒருவனுக்கும் தெரியவில்லை.

1911இல் இதே ஊரில் பிறந்தவர். 1929இல் ரக்பி லீக் ஆட வட இங்கிலாந்தின் சால்ஃபோர்டு அணிக்குப் போனார். ரக்பியில் இரண்டு வகை: காசு தருகிற லீக், அன்று காசு தராத யூனியன். காசு வாங்கி லீக் ஆடியவனை ரக்பி யூனியன் மறுபடி சேர்க்காத காலம் அது. 1946இல் பிரிட்டன் அணியின் தலைவராக, போர்க்கப்பலில் ஆஸ்திரேலியா போய் அந்நாட்டு அணியிடம் ஒரு டெஸ்ட்கூடத் தோற்காமல் வந்தார். அப்போதே வயது 35. அதோடு விட்டாரா? முந்தைய வருடம்தான் முளைத்திருந்த வொர்க்கிங்டன் டவுன் அணிக்கு ஆட்டக்காரர், பயிற்சியாளர் இரண்டுமாகப் போனார். 1951இல் சாம்பியன் பட்டம். 1952 சேலஞ்ச் கோப்பை இறுதியாட்டத்தில், லண்டன் வெம்ப்ளி மைதானத்தில், ஃபெதர்ஸ்டோன் ரோவர்ஸ் அணியை 18-10 என்று வென்றபோது அவரே களத்தில் ஃபுல்பேக், அதாவது பின்வரிசைத் தடுப்பாளர். வயது 41!

“அவர் முட்டி வேற, உங்க முட்டி வேற” என்று கமெண்ட் போட வருகிறவர்களுக்கு: தெரியும். நான் வெம்ப்ளி கேட்கவில்லை, வாடகை ஹாலில் ஒரு செட் கேட்டேன். இளைஞர்களுக்கு வழிவிட வேண்டாமா என்பீர்கள். ரிஸ்மன் வழியை மறித்தா கோப்பை வாங்கினார்? கூட ஆடுகிற கோச் சொன்னால் பையன்கள் கேட்பார்கள் என்பது என் கட்சி.

கடைசியில் ஒரு செட் ஆடவிட்டார்கள். ஜெயித்தோம். அதை யாரும் வாட்ஸ்அப் குழுவில் போடவில்லை என்பது வேறு விஷயம்.

அப்புறம், ஜெர்சிக்கு எல்லோரிடமும் பணம் வாங்கினார்கள். கோச்சுக்கு ஜெர்சி கிடையாதாம். பணமும் திரும்ப வரவில்லை. கேட்டால் “பார்க்கலாம்ணே” என்கிறான் அட்மின்.