மாத்திரை: விழுங்குவதா, எண்ணுவதா?

வாசகர் கேள்வி – பதில்

இம்முறை வந்த கடிதங்களில் ஏழு, ஒரே சொல்லைச் சுற்றியே இருந்தன. பிரித்துப் போட மனம் வரவில்லை. ஒன்றாகவே தருகிறோம்.

கேள்வி: ஐயா, வணக்கம். நாங்கள் பிறந்ததிலிருந்து 'குளிசை' என்றுதான் சொல்லி வருகிறோம். பேரப்பிள்ளை இந்தியத் தொலைக்காட்சி பார்த்துவிட்டு 'மாத்திரை' என்கிறான். அவனுடைய அக்காவின் தமிழ்ப் புத்தகத்திலோ 'மெய்யெழுத்துக்கு அரை மாத்திரை' என்று இருக்கிறது. அவன் அதைப் பார்த்து, அரைக் குளிசையா என்று கேட்கிறான். என்ன சொல்வது? (வாசகி, வெள்ளவத்தை)

பதில்: அவன் கேட்டதில் பிழையே இல்லை அம்மா. 'மாத்திரா' என்ற வடசொல்லின் வேர், அளத்தல் என்ற பொருளுடைய 'மா'. ஆகவே மாத்திரை என்றால் முதலில் அளவு. எதை அளக்கிறோம் என்பது துறைக்குத் துறை மாறும். இலக்கணக்காரர் ஒலியை அளந்தார், வைத்தியர் மருந்தை அளந்தார். வைத்தியர் அளந்து உருட்டிக் கொடுத்த உருண்டைக்கே நாளடைவில் அந்த அளவின் பெயர் ஒட்டிக்கொண்டது.

சித்த மருத்துவம் அகமருந்துகளை, அதாவது உள்ளுக்குக் கொடுப்பவற்றை, 32 வகையாகப் பிரிக்கிறது. அதில் மாத்திரை தனி வகை. சரக்குகளைத் தூளாக்கி, கல்வத்தில் (மருந்து அரைக்கும் கல்லில்) இட்டு, சொன்ன சாறு விட்டு மெழுகு பதம் வரும் வரை அரைத்து உருட்டுவார்கள். 'குன்றிமணி அளவு' என்றால் ஏறத்தாழ 130 மில்லிகிராம். (அளவுக்குத்தான் குன்றிமணி. அந்த விதை நஞ்சு, வாயில் வைக்கக் கூடாது.) உருட்டியதை நிழலில் உலர்த்துவதற்குக் காரணம் உண்டு. வெயிலில் வைத்தால் மேல்தோல் சட்டென்று இறுகி, உள் ஈரம் வெளியேற வழியில்லாமல் வெடிக்கும், அல்லது உள்ளேயே பூஞ்சணம் பிடிக்கும். அரைப்பு போதாவிட்டாலும் வெடிப்புத்தான். சரியாகச் செய்ததற்கு நூல்கள் சொல்லும் ஆயுள் ஓராண்டு. சூரணத்துக்கு, அதாவது தூள் மருந்துக்கு, மூன்றே மாதம்.

குளிசை, 'குளிகை' என்பதன் உறவுச் சொல். குளிகை என்றால் உருண்டை. மருந்துப் பெட்டிகளில் சிலவேளை 'வில்லை' என்றும் இருக்கும், அது தட்டையான வட்டம். விஞ்ஞான பாடத்தில் கண்ணாடி வில்லை என்று பிள்ளைகள் படிப்பதும் அதே சொல்தான். ஆக, மாத்திரை அளவைச் சொல்கிறது, குளிசை உருண்டையைச் சொல்கிறது, வில்லை தட்டையைச் சொல்கிறது. இன்று பாமசியில் வாங்கும் பரசிற்றமோல் தட்டைதான். வடிவத்தை வைத்துப் பார்த்தால் குளிசை பொருந்தாது, ஆனால் வழக்குக்கு முன் வடிவம் எடுபடாது. குளிசை என்றே சொல்லுங்கள்.

'அளவு' என்ற பழைய பொருள் அந்தக் குளிசையில் இன்னும் இருக்கிறது. '500 மில்லிகிராம்' என்பது உள்ளிருக்கும் மருந்தின் அளவு மட்டுமே. மாச்சத்தும் பிணைப்பான்களும் சேர்வதால் குளிசையின் நிறை அதைவிடக் கூட. நடுவில் கோடு இருந்தால் பாதியாக உடைத்து 250 ஆக்கலாம். குடலில் கரைவதற்கென்று மேற்பூச்சு இட்டதையும், மெல்ல மெல்ல மருந்தை விடுவதற்கென்று செய்ததையும் உடைக்கக் கூடாது. உடைத்தால், பல மணிநேரத்துக்கென வைத்த மருந்து ஒரே முறையில் உடம்பில் இறங்கிவிடும்.

கேள்வி: நான் இம்முறை சாதாரண தரப் பரீட்சை எழுதுகிறேன். 'கொழும்பு' என்ற சொல்லுக்கு எனக்கு மூன்றரை மாத்திரை வருகிறது. சேர் மூன்று என்கிறார். எங்கே பிழை? (மாணவன், கொட்டாஞ்சேனை)

பதில்: கடைசி எழுத்தில், தம்பி. கொ 1, ழு 1, ம் அரை. நீங்கள் 'பு'வைக் குறில் என்று நினைத்து 1 போட்டிருப்பீர்கள். அது குற்றியலுகரம். அரைதான். கூட்டினால் 3.

சொல் கு, சு, டு, து, பு, று என்பவற்றில் ஒன்றில் முடிந்து, அதற்கு முன்னால் தனிக்குறில் ஒன்று மட்டும் இல்லாதிருந்தால் அந்த உகரம் குறுகும். 'பசு'வில் முன்னால் இருப்பது தனிக்குறில், ஆகவே குறுகாது, 2 மாத்திரை. 'தெரு'வில் ரு வல்லினமே அல்ல, அதுவும் 2. 'கொழும்பில்' என்று வேற்றுமை உருபு சேர்ந்தால் உகரமே போய்விடும்: கொ 1, ழு 1, ம் அரை, பி 1, ல் அரை, மொத்தம் 4.

இன்னும் மூன்று இடத்தில் பரீட்சைப் புள்ளி போகும். முதலாவது, உயிர்மெய். க் அரை, அ ஒன்று, எனவே க ஒன்றரை என்று கூட்டுவோர் ஏராளம். தவறு. பாலில் கரைந்த சீனி பாலின் அளவைக் கூட்டிக் காட்டாததுபோல, மெய்யின் மாத்திரை உயிரின் மாத்திரைக்குள் அடங்கிவிடும். க 1, கா 2, அவ்வளவே. இரண்டாவது, ஐகாரம். ஐ நெடில் என்று படித்ததால் எல்லா இடத்திலும் 2 போடுவார்கள். சொல்லின் இடையிலும் கடையிலும் அது குறுகி 1 ஆகும். 'வெள்ளவத்தை' அதனால் 6 அல்ல, 5. சொல்லின் முதலில் வந்தால், ஐந்துலாம்புச் சந்தியின் 'ஐ' போல, பள்ளிக்கூட இலக்கண நூல்கள் ஒன்றரை என்கின்றன. நன்னூலோ ஐகாரக்குறுக்கத்துக்கு ஒன்று என்றே சொல்கிறது. பரீட்சைக்கு உங்கள் பாடநூல் சொல்வதை எழுதுங்கள், வாதத்தைப் பிறகு வைத்துக்கொள்ளலாம். மூன்றாவது, 'கொழும்பு'வில் உள்ள ம் மகரக்குறுக்கம் என்று நினைத்துக் கால் போடுவது. 'போன்ம்' போன்ற சொற்களில் ன், ண் ஆகியவற்றின் பின்னும், 'தரும் வளவன்' என்பதுபோல வகரத்தின் முன்னும் மட்டுமே மகரம் கால் மாத்திரையாகும்.

பயிற்சிக்குச் 'செட்டியார் தெரு'. 7 வரவேண்டும். பிறகு 'மாத்திரை' என்ற சொல்லையே எடுத்துப் பாருங்கள், நாலரை.

ஒரு மாத்திரை எவ்வளவு நேரம் என்பதைத் தொல்காப்பியம் 'கண்ணிமை நொடி' என்று சொல்கிறது: இயல்பாகக் கண் இமைக்கும் நேரம், அல்லது கை நொடிக்கும் நேரம். உரைகாரர்கள் கை நொடிப்பையே நான்காகப் பிரித்துக் காட்டுவார்கள். நொடிக்க நினைப்பது கால், விரலை ஊன்றுவது அரை, முறுக்குவது முக்கால், விடுத்து ஓசை எழுவது ஒன்று. ஒருமுறை மெதுவாகச் செய்து பாருங்கள், கால் மாத்திரை என்ற கணக்கு எங்கிருந்து வந்தது என்று விரலே சொல்லும். இந்த நொடியைச் செக்கன் என்று எண்ணிவிடாதீர்கள். கண்ணிமைப்பு ஏறத்தாழ 0.1 முதல் 0.4 செக்கன். குறிலுக்கு ஒரு செக்கன் எடுத்தால் 'கொழும்பு' சொல்லி முடிப்பதற்குள் பஸ் போய்விடும்.

கேள்வி: மகள் மிருதங்கம் பழகுகிறாள். ஆதி தாளம் 8 என்று ஆசிரியர் சொல்கிறார், சிலவேளை 32 என்கிறார். பாடசாலையில் அவளுடைய சிங்களத் தோழி தன் தாளத்துக்கு 16 மாத்திரை என்கிறாள். ஒன்றுமே விளங்கவில்லை. (தாய், பம்பலப்பிட்டி)

பதில்: மூன்று எண்ணும் சரி. கர்நாடக இசையில் கையால் போடும் எண்ணிக்கை அட்சரம். ஆதி தாளத்தின் உறுப்புகள் லகு 4, துருதம் 2, இன்னொரு துருதம் 2, ஆக 8 அட்சரம். ஓர் அட்சரத்துக்குள் எத்தனை சமபங்கு என்பதுதான் அங்கே மாத்திரை. சதுஸ்ர நடையில் நான்கு, ஆகவே 32. நடை மாறினால் இது மாறும்: திஸ்ரம் 24, கண்டம் 40, மிஸ்ரம் 56, சங்கீர்ணம் 72. கை அசைவு மட்டும் எட்டிலிருந்து மாறாது.

தோழி பழகுவது வட இந்திய மரபில் வந்த இசையாக இருக்கும். அங்கே மாத்திரை என்பது எண்ணிக்கையின் அடிப்படை அலகே. தீன்தாலுக்கு நான்கு நான்காக 16. அவர்களுடைய மாத்திரைக்கு நிகரானது நம்முடைய அட்சரம். ஒரே சொல் இரண்டு மரபிலும் ஒரு படி மேலும் கீழுமாக நிற்கிறது. பிள்ளைகள் சண்டை பிடிக்கத் தேவையில்லை.

வீட்டில் கவனிக்க வேண்டியது திஸ்ரத்தை. 'தகிட' என்று மூன்றும் சொல்லிவிட்டு, அடுத்த தட்டு வரும் வரை ஒரு மூச்சு இடைவெளி விட்டால், அது 'தகதிமி'யின் நாலாவது இடம் காலியாகக் கிடப்பதுதான், திஸ்ரம் அல்ல. அவள் 'தகிட தகிட' என்று நிற்காமல் சொல்லிக்கொண்டே போகட்டும், நீங்கள் ஒவ்வொரு 'த'விலும் தட்டுங்கள். தட்டு ஒரே சீராக விழுந்தால் சரி. இரண்டாம் காலத்தை நடை மாற்றம் என்று குழப்புவதும் வழக்கம். இரண்டாம் காலத்தில் வேகம் இரட்டிப்பாகி அட்சரத்துக்கு 8 வரும், நடை சதுஸ்ரமாகவே இருக்கும்.

கேள்வி: சிங்களத்திலிருந்து சுகாதாரத் துண்டுப்பிரசுரங்களைத் தமிழாக்குகிறேன். 'மாத்ராவ' என்பதற்கு 'மாத்திரை' என்று எழுதினால் என்ன? மூலச்சொல் ஒன்றுதானே? (மொழிபெயர்ப்பாளர், மருதானை)

பதில்: தயவுசெய்து வேண்டாம். இந்த இதழிலேயே அவசரமாகச் சொல்லவேண்டிய பதில் இதுதான். சிங்களத்தில் மாத்ராவ என்றால் ஒரு தடவைக்குரிய மருந்தளவு. கொவிட் காலத்தில் 'தெவன மாத்ராவ' என்று கேட்டது இரண்டாவது தடவைத் தடுப்பூசியை. குளிசைக்கு அவர்கள் சொல்வது 'பெத்த'. வடமொழிப் பொருளைச் சிங்களம் அப்படியே வைத்துக்கொண்டது, தமிழ் அதைக் குளிசையின் மேல் ஏற்றிவிட்டது.

பாணி மருந்துக்கு 'மாத்திரை 5 மில்லிலீற்றர்' என்று வந்தால் வாசிப்பவர் சிரித்துவிட்டுப் போவார். 'மாத்திரை இரண்டு மடங்காக்கப்பட வேண்டும்' என்று வந்தால் சிரிக்க முடியாது. 250 மில்லிகிராம் குளிசை ஒன்று குடிப்பவரின் அளவை 500 ஆக்கச் சொன்னது மூலம். அவரிடம் பாமசியில் 500 மில்லிகிராம் குளிசை கொடுத்திருந்தால், தமிழை வாசித்து அதையே இரண்டாகக் குடிப்பார், அளவு 1000 ஆகிவிடும். 'ஒரு வேளைக்குரிய அளவு' என்று நீட்டி எழுதுங்கள். தடுப்பூசிக்கு 'முதலாம் தடவை, இரண்டாம் தடவை' போதும். எண்ணுக்குப் பக்கத்தில் அலகு கட்டாயம் இருக்கட்டும். 'தேக்கரண்டி' என்று எழுதினால் '5 மில்லிலீற்றர்' என்றும் சேர்த்து எழுதுங்கள், வீட்டுக் கரண்டிகள் ஒன்றுபோல் இருப்பதில்லை. வைத்தியர் சீட்டில் வரும் பி.டி. இரு வேளை, ரி.டி.எஸ். மூன்று வேளை. அதை எண்ணாக்கி எழுதினால் போதும்.

கேள்வி: திருமந்திரம் மூச்சுப் பயிற்சிக்கு 16, 64, 32 மாத்திரை சொல்கிறது. செக்கன் கணக்கில் செய்யலாமா? எனக்கு வயது 67. (வாசகர், முகத்துவாரம்)

பதில்: வேண்டாம் ஐயா. 64 செக்கன் மூச்சை அடக்குவது முதல் நாளில் செய்யும் காரியம் அல்ல. பாடலில் எடுத்துக்கொள்ள வேண்டியது விகிதத்தை: இழுப்பது ஒன்று, நிறுத்துவது நான்கு, விடுவது இரண்டு. தொடக்கத்தில் நிறுத்துவதை விட்டுவிட்டு, 4 எண்ணி இழுத்து 8 எண்ணி விடுங்கள். எண்ணும் வேகம் மூன்று கட்டத்திலும் ஒன்றாக இருக்கவேண்டும். திணறல் வரும்போது எண்ணிக்கை தானாக ஓடும், அங்கே விகிதம் கெடும். விட்டு முடித்ததும் காற்றை விழுங்குவதுபோல இழுக்க நேர்ந்தால் எண்ணிக்கை கூடிவிட்டது என்று பொருள், குறையுங்கள். இரத்த அழுத்தமோ இருதய நோயோ இருந்தால் வைத்தியரைக் கேட்காமல் மூச்சை நிறுத்தவே வேண்டாம்.

கேள்வி: 'பெண்களுக்கு மாத்திரம்' என்று இங்கே எழுதுகிறார்கள், இந்தியாவில் 'மட்டும்'. மாத்திரத்துக்கும் மாத்திரைக்கும் உறவு உண்டா? (வாசகி, கொள்ளுப்பிட்டி)

பதில்: உண்டு. 'இந்த அளவே, இதற்கு மேல் இல்லை' என்பதுதான் 'மாத்திரம்'. 'மட்டு' என்பதற்கும் அளவு என்றே பொருள், ஆகவே இரண்டும் வெவ்வேறு வழியாக ஒரே இடத்துக்கு வந்தவை. 'கேட்ட மாத்திரத்தில்' என்பதில் அது கால அளவு, 'நீ எம்மாத்திரம்' என்பதில் தகுதியின் அளவு. சைவ சித்தாந்தத்தில் சுவை, ஒளி, ஊறு, ஓசை, நாற்றம் ஐந்தையும் தன்மாத்திரை என்பார்கள். 'அது மாத்திரம்' என்று பிரித்தால் விளங்கும்: பூவும் பழமும் சேராத வெறும் மணம், வெறும் சுவை.

கேள்வி: காலையில் எங்கள் ஒழுங்கையில் மீன்காரர் 'மாளூ…' என்று நீட்டுவது எத்தனை மாத்திரை? பகிடிக்குக் கேட்கவில்லை. (வாசகர், கொச்சிக்கடை)

பதில்: நாங்களும் பகிடியாகப் பதில் சொல்லவில்லை. நன்னூல் இதற்கு இடம் வைத்திருக்கிறது. இசை, விளி, பண்டமாற்று ஆகியவற்றில் உயிரும் ஒற்றும் தமக்குரிய அளவைக் கடந்து ஒலிக்கும் என்கிறது. பண்டமாற்று என்றால் விற்பவர் கூவல். 'மாளு' வெறுமனே 3 மாத்திரை. ளு வல்லினம் அல்ல, ஆகவே குறுகாது. ஓரெழுத்துத் தனியே மூன்று மாத்திரை ஒலிக்காது, நீட்டம் வேண்டினால் எழுத்தைக் கூட்டி எழுதவேண்டும் என்பது தொல்காப்பியம். 'மாளூஉ' என்றால் 5, 'மாளூஉஉ' என்றால் 6. உங்கள் மீன்காரர் ஒழுங்கை முடியும் வரை நீட்டினால், நீங்கள் ஒழுங்கை முடியும் வரை 'உ' போடவேண்டியதுதான்.