பின்களத்தில் நிற்கும் மகனின் தாயாருக்கு

அன்புள்ள அம்மா,

கடந்த சனிக்கிழமை நீங்கள் மகனோடு வந்தபோது பேசி முடிக்க நேரம் போதவில்லை. பொகவந்தலாவைக்கு பஸ் போய்விடும் என்று பாதியில் எழுந்துவிட்டீர்கள். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே நீங்கள் கேட்டது இன்னும் காதில் நிற்கிறது. "பந்து விளையாடிச் சோறு சாப்பிட முடியுமா, சேர்?"

முடியும் அம்மா. ஆனால் அந்தச் சோறு யார் கையால் வரும், எத்தனை வருடம் வரும், எந்த மாதத்தில் வராமல் போகும் என்பதைத் தெரிந்துகொண்டுதான் நீங்கள் சம்மதிக்க வேண்டும். மறுப்பதாக இருந்தாலும் தெரிந்துகொண்டே மறுக்க வேண்டும். அதற்காகத்தான் இந்த நீண்ட கடிதம்.

முதலில் மகனைப் பற்றி. சென்ற மாதம் டரவளை மைதானத்தில் அவன் உதைபந்து ஆடியதை நான் பார்த்தேன். உங்களுக்குச் சொல்லவில்லை. இரண்டாம் பாதியில் பனிமூட்டம் இறங்கி, நடுக்கோட்டில் இருந்து பார்த்தால் மறுபக்கக் கோல் கம்பம் தெரியவில்லை. பையன்கள் எல்லோரும் பந்தைத் தேடி ஓடிக்கொண்டிருந்தார்கள். உங்கள் மகன் ஓடவில்லை. பின்களத்தில், கோலைக் காக்கும் தன் வரிசையில் நின்ற மூவரையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, ஒருவனை உள்ளே இழுத்து, ஒருவனைப் பின்னால் தள்ளி, தானும் மூன்று எட்டு பின்வாங்கி நின்றான். அதற்குப் பிறகுதான் எதிரணி பந்தை உயர்த்தி அடித்தது. பந்து நேராக அவன் நெற்றிக்கு வந்தது. பார்த்தவர்கள் அதிர்ஷ்டம் என்று நினைத்திருப்பார்கள். அதே காரியத்தை அவன் ஐந்தாறு முறை செய்தான். வலது சப்பாத்தின் முனை பிளந்து, சைக்கிள் டியூப் துண்டால் இறுக்கிக் கட்டியிருந்தான். அதோடுதான் கடைசிவரை ஆடினான். அவனிடம் திறமை இருக்கிறது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

திறமை இருக்கிறது என்றவுடன் மாமாவும் சித்தப்பாவும் தொலைக்காட்சியில் பார்க்கும் நட்சத்திரங்களின் பெயரைச் சொல்லத் தொடங்கிவிடுவார்கள். அந்தக் கணக்கை வீட்டில் யாரும் போட வேண்டாம். உலகில் உதைபந்தாட்டத்தைத் தொழிலாகச் செய்கிறவர்களில் பெரும்பாலானோரின் பெயர் நமக்குத் தெரியாது. ஒரு கழகத்தில் ஒரு பருவம், இன்னொன்றில் இரண்டு பருவம், பிறகு இரவலாக வேறோர் ஊர் என்று பத்துப் பதினைந்து வருடம் உழைத்துவிட்டு முப்பதுகளின் நடுவில் ஓய்கிறார்கள். உங்கள் மகனுக்கு எல்லாம் நன்றாக நடந்தால் கிடைக்கக்கூடிய வாழ்க்கை இதுதான். இந்த நடுத்தர வாழ்க்கையை அவன் வாழத் தயாரா, நீங்கள் தாங்கத் தயாரா என்பதைத்தான் யோசிக்க வேண்டும்.

தோட்டத்தில் காலையில் வேலைக்குப் பெயர் கூப்பிடும் பெரட்டுக்கு நிற்பது உங்களுக்குப் பழகிய காரியம். இந்தத் தொழிலில் ஒவ்வொரு பருவத்தின் தொடக்கத்திலும் அப்படி நிற்க வேண்டும். பெயர் கூப்பிடும் வரை நிச்சயமில்லை. பயிற்றுவிப்பாளர் மாறினால், புதியவர் தனக்குப் பழக்கமான பின்கள வீரர்களைக் கூட்டிக்கொண்டு வருவார். முன்கள வீரன் அடித்த கோலை எல்லோரும் எண்ணுகிறார்கள். பின்கள வீரன் தடுத்த கோலை எண்ணிச் சொல்ல ஆளில்லை. அவன் ஒருமுறை கால் இடறினால் மட்டும் மைதானம் முழுவதும் பார்க்கும். ஆனாலும் இந்த இடத்துக்கு ஒரு நன்மை உண்டு. மத்திய பின்களத்தில் நிற்பவனுக்கு வேகத்தைவிட முன்கூட்டியே கணிக்கும் புத்தி உதவுகிறது. அந்தப் புத்தி வயதோடு வளரும். ஓட்டம் குறைந்த முன்கள வீரனை அனுப்பிவிடும் கழகம்கூட, முப்பத்திரண்டு வயதுப் பின்கள வீரனை "இளையவர்களை வழிநடத்துவான்" என்று சொல்லி வைத்துக்கொள்வதுண்டு.

ஒருவரின் கதையைச் சொல்கிறேன். மகனிடமும் வாசித்துக் காட்டுங்கள். ஸ்கொட்லாந்தில் அன்டி வெப்ஸ்டர் என்று ஒரு பின்கள வீரர் இருந்தார். 1982இல் பிறந்தவர். ஆர்ப்ரோத் என்ற சிறிய கழகத்தில் தொடங்கி, 2001இல் ஹார்ட்ஸ் கழகத்துக்குப் போனார். தேசிய அணிக்கும் ஆடினார். 2006இல், ஒப்பந்தத்தில் ஒரு வருடம் மீதமிருக்கும்போதே, உலக உதைபந்தாட்டச் சம்மேளனமான பீபாவின் விதி ஒன்றைக் காட்டி வெளியேறி இங்கிலாந்தின் விகன் கழகத்தில் சேர்ந்தார். ஹார்ட்ஸ் பெருந்தொகை நட்டஈடு கேட்டது. வழக்கு விளையாட்டுக்கான நடுவர் நீதிமன்றம் வரை போய், அவர் கட்ட வேண்டிய தொகை 1,50,000 பவுண் என்று 2008 ஜனவரியில் தீர்ப்பு வந்தது. மீதமிருந்த ஒரு வருடச் சம்பளத்தின் அளவு அது. உலகம் முழுவதும் வீரர்களும் சட்டத்தரணிகளும் இன்றும் பேசுகிற தீர்ப்பு. அத்தனை பாடுபட்டுச் சேர்ந்த விகனில் அவருக்கு ஆடக் கிடைத்தது ஒருசில போட்டிகள்தான். பிறகு ரேஞ்சர்ஸ், பிரிஸ்டல் சிட்டி, டண்டி யுனைட்டட் என்று சுற்றி, மீண்டும் அதே ஹார்ட்ஸுக்கே திரும்பி, 2012இல் அவர்களோடு ஸ்கொட்லாந்துக் கிண்ணத்தை வென்றார். அந்தப் பருவத்தில் ஹார்ட்ஸ் வீரர்களுக்குச் சம்பளம் பலமுறை தாமதமாகியே வந்தது. கிண்ணம் வென்ற அணிக்கே அந்த நிலை. அதன் பிறகும் கொவென்ட்ரி, சென்ட் மிரன் என்று இரண்டு கழகங்கள்.

தேசிய அணிக்கு ஆடிய ஒருவரின் பாதையே இப்படி என்றால், கீழ்ப்பிரிவுகளில் ஆடுகிறவனின் பாதை எப்படி இருக்கும் என்று நீங்களே ஊகித்துக்கொள்ளலாம். வெப்ஸ்டரை நான் தோற்றவராகச் சொல்லவில்லை. உழைத்துச் சம்பாதித்து, தன் தொழிலை மரியாதையாகச் செய்த மனிதர் அவர். கழகம் மாறுவதை நம் ஊரில் "எங்கும் நிலைக்காதவன்" என்று பேசுவார்கள். அந்தப் பேச்சு மகனின் காதில் விழாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

இனி நம் நாட்டு நிலைமை. 2021இல் நாட்டின் உயர்மட்டக் கழகப் போட்டியாக சுப்பர் லீக் தொடங்கியபோது பத்துக் கழகங்கள் ஆடின. களுத்துறையின் புளூ ஸ்டார் வென்றது. அந்தப் பத்தில் நாவலப்பிட்டியின் அப் கன்ட்ரி லயன்ஸ் கழகமும் ஒன்று. மலையகத்துப் பெயரோடு ஒரு கழகம் அந்த மட்டத்தில் ஆடியதை உங்கள் மகன் மனப்பாடமாகச் சொன்னான். எனக்கும் மகிழ்ச்சிதான். ஆனால் 2023 ஜனவரியில் பீபா நம் நாட்டு உதைபந்தாட்டச் சம்மேளனத்தையே இடைநிறுத்தியது. ஓகஸ்ட் மாதம்வரை தேசிய அணி ஒரு சர்வதேசப் போட்டியும் ஆட முடியவில்லை. வீரன் எந்தத் தவறும் செய்யாமலே அவன் தொழில் நின்றுபோகும் என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டாம். நன்றாக ஆடுகிறவர்கள் மாலைதீவுக் கழகங்களுக்குப் போகிறார்கள். அங்கேயும் பெரும்பாலும் ஒரு பருவ ஒப்பந்தம்தான்.

அந்தப் பத்துக் கழகங்களில் மூன்று, இராணுவம், கடற்படை, விமானப்படை ஆகியவற்றின் அணிகள். படைகளிலும் பொலிஸிலும் ஆடுகிறவர்களுக்கு மாதச் சம்பளம் தவறாது. கால் உடைந்தால் வைத்தியமும் உண்டு. நம் வீடுகளில் இதைப் பற்றிப் பேசுவது எளிதல்ல என்று எனக்குத் தெரியும். குடும்பமாக உட்கார்ந்து பேசி எடுக்க வேண்டிய முடிவு அது. நான் அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் தள்ள மாட்டேன்.

ஒப்பந்தத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். என்னிடம் படித்த ஒரு மாணவன், அவனும் பின்கள வீரன், பத்தொன்பது வயதில் ஒரு கழகத்தில் கையெழுத்திட்டான். காகிதம் முழுக்க ஆங்கிலம். அவன் வாசிக்கவில்லை. வாசித்துத் தரும்படி கேட்க வெட்கம். தங்குமிடம் தருவார்கள் என்று வாயால் சொன்னது எழுத்தில் இல்லை. நான்காம் மாதத்தில் முழங்கால் தசைநார் கிழிந்தது. சம்பளம் நின்றது. சிகிச்சைச் செலவைப் பற்றி ஒப்பந்தத்தில் ஒரு வரியும் கிடையாது. அவன் அம்மாவின் தோடுதான் அடகுக்குப் போனது. அந்தக் காகிதத்தை ஒருநாள் முன்னதாக எனக்குக் காட்டியிருந்தால் என்று இன்றும் மனம் அடித்துக்கொள்கிறது.

ஆகவே உங்கள் மகன் எதில் கையெழுத்திடுவதாக இருந்தாலும், தமிழில் ஒருவர் வரிவரியாக வாசித்துச் சொன்ன பிறகே பேனாவைத் தொட வேண்டும். நீங்கள் அங்கே இருக்க வேண்டும். நீங்கள் கேட்க வேண்டியவை உங்களுக்கு ஏற்கனவே தெரிந்தவைதான். ஓய்வுக்காலச் சேமிப்பான ஊழியர் சேமலாப நிதிக்குக் கழகம் பணம் கட்டுமா என்று கேளுங்கள். தோட்டத்தில் உங்கள் சம்பளத்தில் 8 வீதம் பிடித்து, கம்பனி 12 வீதம் சேர்க்கிறது, ஊழியர் நம்பிக்கை நிதியத்துக்கு வேறு 3 வீதம். கழகம் அவனை ஊழியனாக எடுக்கிறதா, வெறும் கொடுப்பனவு கொடுக்கிறதா என்பது அந்த ஒரு கேள்வியிலேயே வெளிச்சமாகிவிடும். அடுத்தது, ஆடாத வாரத்துக்குச் சம்பளம் உண்டா என்பது. சில கழகங்கள் ஆடிய போட்டிக்கு மட்டும் பணம் கொடுக்கும். கொழுந்து கிலோ குறைந்தால் அரைநாள் சம்பளம் மட்டும் எழுதி அரைப்பேர் போடுவது போல. கைக்காசு வேலையை நம்பி யாரும் வீடு கட்டுவதில்லை என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. காயம் பட்டால் சிகிச்சைக்கு யார் பொறுப்பு, எத்தனை மாதம் சம்பளம் தொடரும் என்பது எழுத்தில் இருக்க வேண்டும். "முதலில் கையெழுத்துப் போடு, வைத்தியப் பரிசோதனையில் தேறினால்தான் ஒப்பந்தம் செல்லும்" என்று சொன்னால், பீபாவின் விதி அதற்கு இடம் கொடுக்கவில்லை என்று தைரியமாகச் சொல்லலாம். பரிசோதனையை முன்னதாகவே முடித்துக்கொள்வது கழகத்தின் வேலை. 18 வயதுக்குக் குறைந்தவனோடு மூன்று வருடத்துக்கு மேற்பட்ட ஒப்பந்தம் செய்யவும் முடியாது. இரண்டு மாதச் சம்பளம் நிலுவையில் இருந்தால், எழுத்தில் அறிவித்து 15 நாள் அவகாசம் கொடுத்துவிட்டு ஒப்பந்தத்தை முறிக்க வீரனுக்கு வழி இருக்கிறது. எழுத்தில் என்பதுதான் முக்கியம். தொலைபேசியில் அழுது கேட்டதற்கு ஆதாரம் இருக்காது.

இப்போது, நீங்கள் சொன்ன அந்த முகவர் விஷயம். மூன்று இலட்சம் ரூபா கட்டினால் வெளிநாட்டுக் கழகத்தில் தேர்வுக்கு அழைத்துப் போவதாகச் சொன்னாராம். மகனுக்குப் பதினாறு வயது. 18 வயதுக்கு முன் ஒரு வீரனை நாடு விட்டு நாடு மாற்றிப் பதிவு செய்வதைப் பீபா தடை செய்திருக்கிறது. பெற்றோர் வேறு காரணத்துக்காகக் குடிபெயர்வது போன்ற சில விதிவிலக்குகள் மட்டுமே உண்டு. உங்களுக்கு அவற்றில் எதுவும் பொருந்தாது. முகவராக வேலை செய்ய பீபாவின் பரீட்சையில் தேறி உரிமம் பெற்றிருக்க வேண்டும். அவருடைய உரிமத்தைக் கேட்டுப் பாருங்கள். ஒருவனை உண்மையாக விரும்பும் கழகம் பயணச் செலவைத் தானே கொடுக்கும், தாயின் சங்கிலியைக் கேட்காது.

படிப்பை விட்டுவிடலாமா என்று மகன் கேட்டான். விடக் கூடாது. இதில் நான் இறங்கிவர மாட்டேன். பந்தாட்டம் முப்பத்தைந்தில் முடியும், அல்லது இருபத்தொன்றில் ஒரு முழங்காலோடு முடியும். இரண்டில் எதுவானாலும் மீதி வாழ்க்கை நீண்டது. அவன் நேசிக்கும் இதே பந்தாட்டத்துக்குள்ளேயே அடுத்த வேலைகளும் இருக்கின்றன. ஆசிய உதைபந்தாட்டக் கூட்டமைப்பின் பயிற்றுவிப்பாளர் உரிமங்கள் படிப்படியாக உள்ளன, ஆடிக்கொண்டிருக்கும்போதே முதற்படிகளை முடிக்கலாம். மத்தியஸ்தராகலாம். கல்வியியற் கல்லூரியில் உடற்கல்வி பயின்று ஆசிரியராகலாம். சப்ரகமுவப் பல்கலைக்கழகத்தில் விளையாட்டு விஞ்ஞானத்தில் பட்டமே இருக்கிறது. தேசிய மட்டத்தில் சாதித்த விளையாட்டு வீரர்களுக்குப் பல்கலைக்கழக அனுமதியில் விசேட இடமும் உண்டு, உயர்தரத்தில் குறைந்தபட்சத் தகுதி இருந்தால். இந்தக் கதவுகளில் கல்வியியற் கல்லூரியும் பல்கலைக்கழகமும் உயர்தரச் சான்றிதழைக் கேட்கின்றன. இந்த வருடச் சாதாரண தரத்தில் கணிதம்தான் அவனுக்குத் தடை என்று சொன்னீர்கள். பந்து எங்கே விழும் என்று மூன்று எட்டு முன்னதாகக் கணக்குப் போடுகிறவன் கணிதத்தில் சித்தியடைய முடியாது என்பதை நான் ஏற்க மாட்டேன். ஒருவேளை தவறினாலும், சாதாரண தரப் பெறுபேறு எப்படி இருந்தாலும் சேரக்கூடிய தொழிற்கல்விப் பிரிவு சில பாடசாலைகளின் உயர்தர வகுப்பில் இருக்கிறது. அவன் முன் எந்தச் சுவரும் எழுந்துவிடவில்லை.

வாசிக்காமல் கையெழுத்திட்ட அந்த மாணவன் என்ன ஆனான் என்று கேட்பீர்கள். உயர்தரத்தில் மூன்று பாடம் சித்தியடைந்திருந்தான். முழங்கால் ஆறியதும் இன்னும் இரண்டு கழகங்களில் ஆடிவிட்டு, இப்போது ஒரு தோட்டப் பாடசாலையில் உடற்கல்வி ஆசிரியராக இருக்கிறான். மீட்ட தோடு அம்மாவின் காதில் இருக்கிறது. தன் ஒப்பந்தத்தைப் பிளாஸ்டிக் உறைக்குள் வைத்திருக்கிறான். மாணவர்களுக்கு வாசித்துக் காட்டுவானாம்.

கொழும்பில் கடை வைத்திருக்கும் மாமா, பரீட்சை முடிந்ததும் மகனை அனுப்பச் சொல்கிறார் என்றீர்கள். அவர் நல்லெண்ணத்தில்தான் சொல்கிறார். ஆனால் காலை ஏழிலிருந்து இரவு ஒன்பதுவரை கடையில் நிற்கும் பையனுக்குப் பயிற்சிக்கு நேரம் ஏது, படிப்புக்கு நேரம் ஏது? இரண்டு வருடம் பொறுக்கச் சொல்லுங்கள். பெறுபேறு வந்தபின் பாடசாலையில் இருந்தபடியே மாவட்ட, மாகாண மட்டப் போட்டிகளில் அவன் ஆடட்டும். பதினெட்டு நிறையும்போது எந்தக் கழகம் அழைக்கிறது என்று பார்ப்போம். யாரும் அழைக்காவிட்டால், அதையும் அன்று வெளிப்படையாகப் பேசுவோம்.

அடுத்த சனிக்கிழமை வரும்போது அந்த முகவர் அனுப்பிய செய்திகளையும், மகனின் பிறப்புச் சான்றிதழின் பிரதியையும், சென்ற தவணைக் கணித விடைத்தாளையும் கொண்டு வாருங்கள். காலை பஸ்ஸிலேயே வந்துவிடுங்கள், இந்த முறை பாதியில் எழ வேண்டியிருக்காது. அதுவரை யார் கேட்டாலும் ஒரு ரூபாவும் கொடுக்க வேண்டாம்.