குளிர்காலத்தில் நாயைக் குளிப்பாட்டலாமா?

கேள்வி: எங்கள் வீட்டில் ஐந்து வயது லாப்ரடார் வளர்க்கிறோம். சென்ற வாரம் மாலையில் குளிப்பாட்டிய பிறகு அது வெகுநேரம் நடுங்கிக்கொண்டே இருந்தது. குளிர் விடும்வரை குளிப்பாட்டவே கூடாது என்று வீட்டில் சொல்கிறார்கள். ஆனால் உடம்பில் வாடை வீசுகிறது. என்ன செய்யலாம், டாக்டர்?

பதில்: தாராளமாகக் குளிப்பாட்டலாம். உங்கள் நாய் அவ்வளவு நேரம் நடுங்கியதற்கு, குளித்ததைவிட, குளித்தபின் உடம்பில் தங்கிய ஈரமே காரணமாக இருக்கும் என்று கருதுகிறேன். லாப்ரடாருக்கு மேல்முடியின் அடியில் பஞ்சு போன்ற அடர்த்தியான உள்முடியும் உண்டு. மேல்முடி உலர்ந்துவிட்டதாகத் தோன்றும்போதும் உள்முடி நீரைப் பிடித்து வைத்திருக்கும். அந்த நீர் ஆவியாகும்போது உடல் சூட்டையும் கொண்டுபோய்விடும். ஈரம் நீடித்தால் தோல் வெந்ததுபோல் சிவந்து, நீர் கசியும் புண்ணாகவும் மாறக்கூடும்.

எனவே மாலையைத் தவிர்த்து, வெயில் ஏறிய முற்பகலில், காற்று புகாத அறையில் குளிப்பாட்டுங்கள். முடியில் சிக்கு இருந்தால் நனைப்பதற்கு முன்பே சீவி எடுத்துவிட வேண்டும். நனைந்த சிக்கு இறுகிக்கொண்டு ஈரத்தை விடாது. நாயின் இயல்பான உடல்சூடு ஏறத்தாழ 38.3 முதல் 39.2 டிகிரி செல்சியஸ் வரை இருக்கும் என்றாலும், தண்ணீர் அந்த அளவுக்குச் சூடாக இருக்கத் தேவையில்லை. உங்கள் முழங்கையின் உட்புறத்தில் ஊற்றினால் வெதுவெதுப்பாக உணர்ந்தால் போதும். நாய்களுக்கென்று தயாரித்த ஷாம்பூவையே பயன்படுத்துங்கள். காதுக்குள் நீர் இறங்கவிடாதீர்கள்; நாயின் காதுக்குழாய் வளைந்து செல்வதால் உள்ளே போன நீர் எளிதில் வெளியேறாது.

துவட்டுவதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். உலர்ந்த துண்டுகள் இரண்டு மூன்றை மாற்றி மாற்றி, தேய்க்காமல் அழுத்தி ஒற்றி எடுங்கள். பிறகு ஹேர் டிரையரைக் குறைந்த சூட்டில் வைத்து, ஓரிடத்திலேயே காட்டாமல் நகர்த்திக்கொண்டே உலர்த்துங்கள். காதின் பின்புறம், அக்குள், வாலின் அடிப்பகுதி ஆகிய இடங்களில் முடியை விரலால் பிரித்துத் தோலைத் தொட்டுப் பாருங்கள். சில்லென்று இருந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது என்று பொருள். முழுவதும் உலரும்வரை வெளியே விட வேண்டாம்.

நல்ல உடல்நலத்தோடு இருக்கும் நாய்க்குக் குளிர்காலத்தில் மாதம் ஒருமுறை குளியல் போதுமானது. இடைப்பட்ட நாட்களில் தினமும் சீவி, வெந்நீரில் நனைத்துப் பிழிந்த துணியால் துடைத்துவிட்டாலே வாடை பெரிதும் குறையும். இளங்குட்டிகள், மிக வயதான நாய்கள், நோயுற்றிருப்பவை ஆகியவற்றுக்குத் துடைத்துவிடுவதே நல்லது.

குளித்த சில நாட்களிலேயே வாடை திரும்பினால், காதிலோ தோலிலோ தொற்று இருக்கக்கூடும் என்பதால் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள். நன்றாக உலர்த்திப் போர்த்திய பிறகும் நடுக்கம் நிற்காமல், நாய் சோர்ந்து கிடந்தாலோ ஈறுகள் வெளுத்திருந்தாலோ அன்றே அழைத்துச் செல்லுங்கள். குளிர்காய்ச்சலாக இருக்கும் என்று எண்ணி, மனிதர்களுக்கான பாராசிட்டமால், ஐபுப்ரோஃபென் போன்ற மாத்திரைகளைத் தயவுசெய்து கொடுத்துவிடாதீர்கள். அவை நாய்க்கு நஞ்சாகலாம்.