ஏலம் முடிந்து 22 நாள்: மாந்தோப்பை மீட்க வழி உண்டா?

கேள்வி: காவேரிப்பட்டணம் பக்கத்தில் எனக்கு மூன்று ஏக்கர் மாந்தோப்பு இருக்கிறது. புரோநோட்டு எழுதிக் கொடுத்து நாலு லட்சம் கடன் வாங்கினேன். திருப்பிக் கட்ட முடியவில்லை, வாய்தாவுக்கும் ஒழுங்காகப் போகவில்லை. டிக்ரி (கடனைக் கட்டச் சொல்லும் தீர்ப்பு) ஆகி, வட்டியும் செலவும் சேர்ந்து 8,10,000 ரூபாய்க்காகத் தோப்பு முழுவதையும் கோர்ட்டில் ஏலம் விட்டுவிட்டார்கள். வெளியூர்க்காரர் ஒருவர் 9,20,000 ரூபாய்க்கு எடுத்திருக்கிறார். ஏலம் நடந்து 22 நாள் ஆகிறது. அவர் நிலத்தை அளக்க வந்தபோதுதான் எனக்கு விஷயமே தெரியும். தண்டோரா போட்டதாக ஊரில் ஒருவரும் சொல்லவில்லை. தோப்பு 50 லட்சத்துக்குக் குறையாது. இனி ஏதாவது செய்ய முடியுமா?
- ஒரு விவசாயி, கிருஷ்ணகிரி மாவட்டம்

பதில்: முடியும். ஆனால் உங்கள் கையில் இருப்பது இன்னும் 38 நாள்தான். ஏலத்தை ரத்து செய்யக் கேட்கும் மனுவுக்கு ஏலம் நடந்த நாளிலிருந்து 60 நாள் கெடு. உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல. மற்ற பல வழக்குகளில் தாமதத்துக்குக் காரணம் சொல்லி மன்னிப்பு மனு போடலாம். காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு அதற்கு இடம் தருகிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 21-இன் கீழ் வரும் மனுக்களுக்கு அந்தப் பிரிவு பொருந்தாது. ஏல ரத்து மனு அந்தக் கட்டளைக்குள்தான் வருகிறது. நியாயம் முழுக்கத் தங்கள் பக்கம் இருந்தும் 61-ஆம் நாள் வந்து நின்றவர்களை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு கனக்கிறது. அதனால்தான் முதல் வரியிலேயே இதைச் சொல்கிறேன்.

உங்களுக்கு இரண்டு வழி இருக்கிறது. முதலாவது, பணத்தைக் கட்டிவிடுவது. கட்டளை 21, விதி 89-இன்படி, ஏல விளம்பரத்தில் குறித்த தொகையை டிக்ரிதாரருக்காகவும் (கடன் கொடுத்தவர்), ஏலத் தொகையில் 5 சதவீதத்தை ஏலம் எடுத்தவருக்காகவும் கோர்ட்டில் கட்ட வேண்டும். உங்கள் கணக்குப்படி 8,10,000 ரூபாயும் 46,000 ரூபாயும் சேர்த்து 8,56,000 ரூபாய். ஏலத்துக்குப் பின் ஓடிய வட்டியும் செலவும் தனியாக உங்கள் பொறுப்பில் இருக்கும். மனுவும் பணமும் இரண்டுமே அந்த 60 நாளுக்குள் கோர்ட்டுக்குள் வந்தாக வேண்டும். அப்படி வந்துவிட்டால் ஏலத்தில் தவறு நடந்ததா இல்லையா என்ற பேச்சே எழாது, ஏலம் ரத்தாகிவிடும். சொந்தக்காரர்களிடம் கைமாற்று வாங்கியோ, வேறு நிலத்தை விற்றோ இந்தப் பணத்தைப் புரட்ட முடியுமானால் என் ஆலோசனை இதுதான். 50 லட்சம் பெறும் தோப்புக்காக எட்டரை லட்சம் கட்டுவது நஷ்டமில்லை. வருஷக்கணக்கில் வழக்கு நடத்தித் தோற்பதுதான் நஷ்டம்.

இரண்டாவது வழி விதி 90. ஏல விளம்பரத்திலோ ஏலம் நடத்தியதிலோ பெரிய முறைகேடு அல்லது மோசடி நடந்தது, அதனால் எனக்குக் கணிசமான நஷ்டம் என்று காட்டுவது. இரண்டையும் நிரூபிக்க வேண்டும். விலை குறைவு என்று மட்டும் சொன்னால் போதாது.

உங்கள் விஷயத்தில் மூன்று இடங்களைப் பார்க்கச் சொல்வேன். முதலில் நோட்டீஸ். ஏல விளம்பரம் தயாராகும் முன், விதி 66-இன்படி, உங்களுக்கு நோட்டீஸ் வந்திருக்க வேண்டும். டிக்ரியாகி இரண்டு வருஷம் கழித்து நிறைவேற்று மனு (டிக்ரியை அமல்படுத்தக் கேட்கும் மனு) போட்டிருந்தால் விதி 22 நோட்டீஸும் வேண்டும். அமீனா (நோட்டீஸ் கொண்டுவரும் கோர்ட் ஊழியர்) எழுதிய அறிக்கையில் யார் கையெழுத்து இருக்கிறது, கதவில் ஒட்டியதாக எழுதியிருந்தால் சாட்சி யார் என்று பாருங்கள். அப்புறம் தண்டோரா. விளம்பரத்தை நிலத்திலேயே தண்டோரா அல்லது ஊர் வழக்கப்படி அறிவித்து, அங்கேயும் கோர்ட்டிலும் ஒட்டியிருக்க வேண்டும். அரசுக்குத் தீர்வை கட்டும் நிலமானால் கலெக்டர் அலுவலகத்திலும், கிராமத்து நிலமானால் ஊராட்சி அலுவலகத்திலும் ஒட்ட வேண்டும். கோர்ட்டில் ஒட்டிய நாளிலிருந்து 15 நாளாவது கழித்துத்தான் ஏலம் நடந்திருக்க வேண்டும். பக்கத்து தோப்புக்காரர்கள் இரண்டு பேர் உங்களுக்காகச் சாட்சி சொல்ல வருவார்களா என்று இப்போதே பேசிவையுங்கள்.

மூன்றாவதுதான் உங்கள் வழக்கின் உயிர். எட்டு லட்சத்துக்காக மூன்று ஏக்கரையும் ஏன் விற்றார்கள்? கடனைத் தீர்க்க எவ்வளவு வேண்டுமோ அந்த அளவு சொத்தைத்தான் விற்க வேண்டும் என்கிறது விதி 64. இது நீதிமன்றத்தின் விருப்பம் அல்ல, கடமை என்று உச்ச நீதிமன்றம் 1989-இல் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. நீங்கள் சொல்லும் விலை சரியானால், அரை ஏக்கர் விற்றிருந்தாலே கடன் அடைந்திருக்கும். தோப்பைப் பிரித்து விற்க முடியும் என்று காட்ட சர்வே வரைபடமும், மதிப்பைக் காட்ட அக்கம்பக்கத்துக் கிரயப் பத்திரங்களின் நகலும் வேண்டும்.

இதில் ஒரு பொறி உண்டு. விளம்பரம் தயாரான நாளுக்கு முன்பே எழுப்பியிருக்கக்கூடிய ஆட்சேபணையைப் பிறகு விதி 90-இல் எழுப்ப முடியாது. விதி 66 நோட்டீஸ் உண்மையிலேயே உங்கள் கைக்கு வந்து நீங்கள் பேசாமல் இருந்திருந்தால், விலை பற்றிய வாதம் பலமிழக்கும். வக்கீலிடம் இதை மறைக்காதீர்கள்.

இன்னொன்று: விதி 90 மனுவை நிலுவையில் வைத்துக்கொண்டு விதி 89 மனு போட முடியாது. விதி 90 மனுவை வாபஸ் வாங்கினால்தான் முடியும். ஒருநாள் பணம் கிடைத்தால் பார்க்கலாம் என்று விதி 90-இல் காத்திருந்தால், 60 நாள் ஓடிய பிறகு முதல் வழி அடைபட்டுவிடும்.

எக்ஸ்பார்ட்டி டிக்ரியை (நீங்கள் வராத நிலையில் கொடுத்த டிக்ரியை) ரத்து செய்ய மனு போடலாம் என்றும் சிலர் உங்களிடம் சொல்வார்கள். அதைத் தனியாகப் போடலாம். ஆனால் ஏலம் எடுத்தவர் வழக்கில் சம்பந்தமில்லாத வெளியாள். டிக்ரி பின்னால் ரத்தானாலும், நல்லெண்ணத்தில் எடுத்த வெளியாளின் ஏலம் பொதுவாக நிற்கும். அதை மட்டும் நம்பி 60 நாளைத் தவற விடாதீர்கள்.

ஏலம் எடுத்தவர் அன்றே கால் பங்கை, அதாவது 2,30,000 ரூபாயைக் கட்டினாரா, மீதியை 15 நாளுக்குள் கட்டினாரா என்பதையும் கோர்ட் ஆவணங்களில் பாருங்கள். கட்டத் தவறியிருந்தால் அந்த ஏலம் நிற்காது, மறு ஏலம்தான்.

தோப்பில் அவரோடு தகராறு வேண்டாம். கோர்ட் ஏலத்தை உறுதி செய்து, சான்று கொடுத்து, சுவாதீனம் எடுத்துத் தரும்வரை அவர் அங்கே வேலி போட முடியாது. நீங்களும் மரம் எதையும் வெட்டாதீர்கள்.

நாளைக் காலையிலேயே நிறைவேற்று மனுவின் எண்ணைக் கேட்டு, ஏல விளம்பரம், அமீனா அறிக்கை, ஏலக் குறிப்பு மூன்றுக்கும் நகல் மனு போடுங்கள். நகல் வரத் தாமதமானால் அதற்காகக் காத்திராமல் வழக்கு ஆவணங்களைப் பார்வையிட மனு கொடுங்கள். வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள். குறைந்த வருமானக்காரர்களுக்கும், வருமானம் எதுவானாலும் பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் அங்கே இலவச உதவி உண்டு. ரத்து மனு தள்ளுபடியானால் மேல்முறையீடும் உண்டு. மாவட்ட நீதிமன்றத்துக்குப் போவதானால் அதற்கு 30 நாள்.