ரீட்டா மொரேனோவின் தொடக்க காலத் திரைவாழ்க்கை எப்படி இருந்தது?

கரீபியனில் பிறந்து, நாடக மேடையிலும் ஹாலிவுட்டிலும் ஒருங்கே பெயர் பெற்ற ரீட்டா மொரேனோ எவ்வாறு முன்னுக்கு வந்தார் என்று கேட்டிருக்கிறீர்கள். அவருடைய ஆரம்ப ஆண்டுகளைப் படிக்கும்போது என் கண்ணில் திரும்பத் திரும்பப் படுவது அவருடைய குரல்தான். ஆகவே அதைப் பிடித்துக்கொண்டே பதில் சொல்கிறேன்.

அவர் 1931 டிசம்பர் 11 அன்று போர்ட்டோ ரிக்கோவின் உமக்காவோ நகரில் பிறந்தார். தையல் வேலை செய்த தாய், மகனை ஊரிலேயே விட்டுவிட்டு, ஐந்து வயதுச் சிறுமியான இவரை மட்டும் 1936இல் நியூயார்க்குக்கு அழைத்து வந்தார். நடிகை ரீட்டா ஹேவொர்த்தின் தந்தையுடன் பிறந்தவரான பாக்கோ கான்சினோவிடம் ஸ்பானிய நடனம் பயின்ற இவர், 11 வயதிலேயே அமெரிக்கப் படங்களின் ஸ்பானிய மொழிப் பதிப்புகளுக்குக் குரல் கொடுத்தார். 1945இல், 13 வயதில், 'ஸ்கைட்ரிஃப்ட்' என்ற நாடகத்தின் வழியாக நியூயார்க்கின் புகழ்பெற்ற நாடக வட்டாரமான பிராட்வேயில் மேடை ஏறினார். நாடகம் சில நாள்களிலேயே நின்றுபோயிற்று.

பிறகு ஹாலிவுட் பட நிறுவனமான எம்.ஜி.எம். அவரை ஒப்பந்தம் செய்தது. ரோசிட்டா என்ற அவருடைய பெயர் ரீட்டா ஆனது. 1952இல் வந்த 'சிங்கிங் இன் த ரெய்ன்' படத்தில் ஸெல்டா என்ற சிறு வேடம் கிடைத்தது. இன்றைக்கும் பலர் அவரை அதில் கவனிப்பதில்லை, நானும் முதல்முறை கவனிக்கவில்லை. மற்றபடி டஹிட்டித் தீவுப் பெண், செவ்விந்தியப் பெண் என்று எல்லாம் 'அயல்நாட்டுப் பெண்' வேடங்களே. எந்த நாட்டுப் பெண்ணாக நடித்தாலும் பொருந்தும்படி தாமே ஒரு பொதுவான உச்சரிப்பை உருவாக்கி வைத்துக்கொண்டதாகப் பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். வேடிக்கையாகத்தான் சொன்னார், எனக்கு அது வேடிக்கையாகத் தோன்றவில்லை. 1954இல் 'லைஃப்' இதழின் அட்டையில் அவர் படம் வந்தது. 1956இல் 'த கிங் அண்ட் ஐ' படத்தில் பர்மியப் பெண் டப்டிமாக நடித்தார். அதன் நடனங்களை அமைத்தவர் ஜெரோம் ராபின்ஸ்.

அதே ராபின்ஸ் ராபர்ட் வைஸுடன் சேர்ந்து இயக்கிய 'வெஸ்ட் சைட் ஸ்டோரி' 1961இல் வெளிவந்தது. அனிட்டா என்ற போர்ட்டோ ரிக்கப் பெண்ணாக, கடைசியில் தம் சொந்த மண்ணின் பெண்ணாகவே நடித்தார். அதிலும் முகத்தில் அடர்பழுப்புப் பூச்சு அப்பினார்கள். போர்ட்டோ ரிக்கர்கள் பல நிறத்தவர் என்று ஒப்பனைக் கலைஞரிடம் அவர் எடுத்துச் சொல்லியும் பயனில்லை. பாடல்களில் பெரும்பகுதியை அவரே பாடியிருந்தாலும், கீழ்ச்சுருதியில் அமைந்த 'எ பாய் லைக் தட்' பாட்டை அவருக்காகப் பாடியவர் பெட்டி வாண்ட். பிறர் முகங்களுக்குக் குரல் கொடுத்துத் தொழிலுக்கு வந்த சிறுமியின் முகத்துக்கு, அவருடைய மிகப் பெரிய படத்தில், இன்னொருவர் குரல் கொடுத்தார்.

அந்த வேடத்துக்கு 1962இல் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் கிடைத்தது. நடிப்புக்காக அந்த விருதை வென்ற முதல் லத்தீன் அமெரிக்க வம்சாவளிப் பெண் அவர். ஆனால் அதன் பின்பு தேடி வந்த வாய்ப்புகள் பெரும்பாலும் அனிட்டாவின் மலிவான நகல்களாக இருந்தன. அவற்றை ஏற்க மறுத்து மேடைக்குத் திரும்பிய அவர், 1964இல் லண்டனில் 'ஷி லவ்ஸ் மீ' இசை நாடகத்தில் நடித்தார்.