டக்ஸ்டேஷனில் சத்தம் வருகிறது, இசை மட்டும் இல்லை: பதில்

டக்ஸ்டேஷன் என்பது பிளேஸ்டேஷன் 1 விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் மென்பொருள். அதில் விளையாட்டின் 'பின்' (.bin) கோப்பை விட்டுவிட்டு, கூடவே இருக்கும் 'க்யூ' (.cue) கோப்பைத் திறங்கள்.

பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்குகள் பலவற்றில் விளையாட்டு முதல் ட்ராக்கில் இருக்கும். இசை, ஆடியோ சிடி மாதிரி அடுத்தடுத்த ட்ராக்குகளில். எது எங்கே என்று சொல்வது க்யூதான்.

அப்படியும் வரவில்லையா? கோப்புகளின் பெயரை மாற்றியிருப்பீர்கள். க்யூவை நோட்பேடில் திறந்து, 'ஃபைல்' (FILE) என்று தொடங்கும் வரிகளில் உள்ள பெயரும் ஃபோல்டரில் உள்ள பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றா என்று பாருங்கள். ஓர் இடைவெளி கூடினாலும் போச்சு.

க்யூவில் ஒரே ட்ராக்தான் என்றால் காரணம் இது இல்லை. ஆடியோ அமைப்பில் சிடி ஆடியோவை மியூட் செய்யும் டிக் விழுந்திருக்கிறதா பாருங்கள்.

அப்புறம், எல்லா ட்ராக்கையும் ஒரே சிஎச்டி (.chd, டிஸ்க் முழுவதையும் சுருக்கி வைக்கும் வடிவம்) கோப்பாக மாற்றினால் விளையாட்டுப் பட்டியல் சுத்தமாகும். அதை ஓட்டிப் பார்க்கும்வரை பழைய கோப்புகளை அழிக்காதீர்கள்.