டாசனில் அக்கரை வீடு: வாடகையைப் பார்ப்பதற்கு முன் ஆற்றைப் பாருங்கள்

தம்பி, கனடாவின் யூக்கான் பகுதியில் டாசன் சிட்டியில் வேலை கிடைத்திருக்கிறது, ஆற்றுக்கு அக்கரையில் ஒரு மரவீடு மலிவான வாடகைக்கு வருகிறது, கைக்குழந்தையோடு போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் வருஷம் வேண்டாம். ஒற்றை அறையானாலும் ஊர்ப் பக்கமே பாருங்கள்.

காரணம் யூக்கான் ஆறுதான். டாசனில் அதற்குப் பாலம் கிடையாது. கோடையில் 'ஜார்ஜ் பிளாக்' ஃபெர்ரி இலவசமாக ஓடும், காரோடு ஏறலாம். நடுக்குளிரில் ஆறு உறைந்தபின் அதன்மேலேயே பனிச்சாலை போடுவார்கள். இரண்டுக்கும் நடுவில், ஆறு உறைகிற சமயத்திலும் பனி உடைகிற சமயத்திலும், வாரக்கணக்கில் எதுவும் இருக்காது.

நானும் வாடகையைப் பார்த்து அக்கரைக்குப் போனவன்தான். அக்டோபரில் ஃபெர்ரியைக் கரையேற்றிவிட்டார்கள். வட்ட வட்டமாகப் பனித்தட்டுகள் மிதந்து வர ஆரம்பித்தன. ஒன்றோடொன்று உரசும்போது ராத்திரி முழுக்க அம்மியில் அரைக்கிற மாதிரி ஒரு சத்தம். அப்படி ஒரு ராத்திரி மகளுக்குக் காய்ச்சல். எதிரே ஊர் விளக்குகள் ஒவ்வொன்றாக எண்ணும் தூரத்தில் தெரிகின்றன, போக வழியில்லை. விடியற்காலையில் காய்ச்சல் இறங்கிற்று. அந்த ராத்திரியை இன்னும் நான் மறக்கவில்லை.

பனிச்சாலையையும் முழுசாக நம்ப முடியாது. 2016-17 குளிர்காலத்தில் வழக்கமாகச் சாலை போடும் இடத்தில் ஆறு மூடவே இல்லை. வெளியே கடுங்குளிர், நடுவில் கறுப்பாகத் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

இந்த ஆற்றின் போக்கே தனி. நம் காவிரி மேற்குக் கடலுக்குப் பக்கத்தில் குடகில் பிறந்து கிழக்கே போகிறதல்லவா, யூக்கானும் அப்படித்தான். பசிபிக் கரை மலைகளுக்குப் பின்புறம் ஏரிகளில் கிளம்பி, கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வடக்கே வைட்ஹார்ஸ், டாசன் என்று போய், அலாஸ்காவைக் குறுக்கே கடந்து, 3,000 கிலோமீட்டருக்கு மேல் ஓடி பெரிங் கடலில் சேர்கிறது.

வெள்ளமும் ஊருக்கு ஊர் வேறு. ஆற்றின் மேல்பகுதியில் உள்ள வைட்ஹார்ஸில் ஆகஸ்ட் வாக்கில்தான் ஆறு நிறையும். பனிப்பாறை உருகிய தண்ணீர் பெரிய ஏரிகளில் தேங்கி நிதானமாக இறங்குவதுதான் காரணம். அங்கே மழையே இல்லாமலும் ஏறும், நம் ஊர் ஆடிப்பெருக்கு மாதிரி. 2021 கோடையில் அந்த ஏரிக்கரைகளில் மணல் மூட்டை அடுக்க ராணுவமே வந்தது. டாசனில் அப்படியில்லை. மார்ச், ஏப்ரலில் பனிக்கு அடியில் ஆறு மெலிந்து கிடக்கும். மே முதல் வாரம் வாக்கில் உடையும். ஜூனில் மலைப்பனி கரைந்து பெருகும். அப்புறம் யூக்கானில் கலக்கும் வைட் ஆறு கொண்டுவரும் பனிப்பாறை வண்டலால் சாம்பல் நிறமாகிவிடும். படகில் போனால் அடிப்பலகையில் வண்டல் உரசி, தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்த மாதிரி 'உஸ்' என்று கேட்கும். ஊர் முனையில் கிளாண்டைக் ஆறு தெளிந்த நீரோடு வந்து சேரும்போது இரண்டு நிறமும் கலக்காமல் கொஞ்ச தூரம் ஒட்டி ஓடுவதைக் கட்டாயம் பாருங்கள்.

பயப்பட வேண்டியது உடைகிற நாளுக்குத்தான். 1979 மே மாதம் பனிக்கட்டிகள் அடைத்துக்கொண்டு ஊருக்குள் தண்ணீர் புகுந்தது. இப்போது நீங்கள் மாலையில் நடக்கப்போகிற அந்தக் கரைமேடு அதற்கப்புறம் எழுப்பியது. உடையும் தேதியை 1896-லிருந்து குறித்து வைத்திருக்கிறார்கள். பனியின்மேல் ஒரு முக்காலியை நட்டு, கம்பியால் கரையிலுள்ள கடிகாரத்தோடு இணைத்திருப்பார்கள். பனி நகர்ந்ததும் கடிகாரம் நின்றுவிடும். எந்த நிமிஷம் என்று ஊரே பந்தயம் கட்டும். வீட்டு அகலப் பனிப்பாளம் ஒன்று மெல்ல நிமிர்ந்து புரண்டு விழுவதைப் பார்த்தால் அன்றைக்கு உங்களுக்கு வேறு எந்த வேலையும் ஓடாது.

எந்த மாதம் வந்து சேருகிறீர்கள் என்று சொல்லுங்கள். செப்டம்பருக்குள் என்றால் ஊர்ப் பக்கம் வாடகைக்கு நான் விசாரித்துத் தருகிறேன்.